மழையில் சரிந்த மணற்குன்று: கோபிப் பாலையின் ஒரு கூட்டைக் கண்ணாடித் தொட்டியில் அமைத்த செய்முறைப் பதிவு

தென் மங்கோலியாவின் கோபிப் பாலைவனத்தில், நெமெக்ட் வடிநிலப் பகுதியில், உகா டோல்கோட் என்னும் சிறிய செங்குன்றுப் பரப்பு ஒன்று இருக்கிறது. 1993-ஆம் ஆண்டு அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகமும் மங்கோலிய அறிவியல் கழகமும் இணைந்து அனுப்பிய குழு அங்கே சென்றபோது, டைனோசர்களும் பல்லிகளும் எலியளவே உள்ள பாலூட்டிகளும் எலும்பு குலையாமல் ஏராளமாகப் புதைந்திருப்பதைக் கண்டது. அவற்றுள் ஒன்று, தன் முட்டைகளின்மேல் கைகளை விரித்து அமர்ந்த நிலையிலேயே புதைந்துபோன ஒரு டைனோசர். அது சிடிபாட்டி என்று 2001-இல் பெயரிடப்பட்ட இனத்தைச் சேர்ந்தது. எங்கள் ஊர்ப் பள்ளியின் அறிவியல் அறைக்கு இந்தக் காட்சியை ஒரு மாதிரியாகச் செய்து தர ஒப்புக்கொண்டபோது, டைனோசரைச் செய்வதுதான் வேலை என்று பலரும் எண்ணினார்கள். நான் தொடக்கத்திலிருந்தே மணலைத்தான் பெரிய வேலையாகக் கருதினேன். கூட்டில் அமர்ந்திருந்த விலங்கு எழுந்து ஓட நேரமில்லாமல் எப்படிப் புதைந்தது என்ற கேள்விக்கு, எலும்பைவிட அதைச் சூழ்ந்திருந்த மணற்கல்தான் தெளிவாக விடை சொல்கிறது. அந்த விடையை மாணவர்கள் கண்ணாடி வழியே பார்த்துப் புரிந்துகொள்ள வேண்டும் என்பதே இந்தத் தொட்டியின் நோக்கம்.

செய்முறைக்குப் போகுமுன் அந்த மணற்கல்லைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். உகா டோல்கோட்டின் பாறைகள் ஏறத்தாழ ஏழரைக் கோடி ஆண்டுகளுக்கு முன், கிரெட்டேசியக் காலத்தின் கடைசிப் பகுதியில், மணற்குன்றுகள் நிறைந்த நிலத்தில் படிந்தவை. 1998-இல் டேவிட் லூப், லோவெல் டிங்கஸ் முதலிய ஆய்வாளர்கள் அந்த மணற்கல்லை வகை பிரித்துப் பார்த்தார்கள். காற்று கொண்டுவந்து கொட்டிய மணல், மெல்லிய சாய்வடுக்குகளாகப் படிந்து கல்லாகியிருந்தது ஒரு வகை. அடுக்கே தெரியாமல், முழுவதும் ஒன்றாகக் கலந்து உறைந்த மணற்கல் இன்னொரு வகை. சாய்வடுக்கு மணற்கல்லில் விலங்குகளின் கால்தடங்கள் இருந்தன. எலும்புக்கூடுகளோ அடுக்கற்ற மணற்கல்லில்தான் இருந்தன. காற்றில் பறந்துவந்த மணல் அந்த விலங்குகளை மூடியிருந்தால், எலும்புகளைச் சுற்றிலும் காற்றின் அடுக்குகள் தெரிந்திருக்க வேண்டும். அவை இல்லாததால், பெருமழையில் ஊறிய மணற்குன்றின் சரிவு வழுக்கிக் குழம்பாக இறங்கி, அடிவாரத்தில் இருந்த உயிர்களை மூடிவிட்டது என்ற முடிவுக்கு அவர்கள் வந்தார்கள். பாலைவனத்து விலங்குகள் மழையால் மாண்டன என்ற இந்தச் செய்தி முதன்முறை படித்தபோதே என்னைப் பிடித்துக்கொண்டது. அதைக் கையால் செய்து பார்க்க வேண்டும் என்ற ஆவலும் அப்போது எழுந்ததுதான்.

ஆகவே, மூன்று பகுதிகளாக வேலையைப் பிரித்துக்கொண்டேன். காற்று படிவிக்கும் சாய்வடுக்கை உண்டாக்கிக் காட்டும் ஒடுக்கமான கண்ணாடிச் சட்டம் ஒன்று; மழையும் சரிவும் நிகழ்வதற்கான அகலமான தொட்டி ஒன்று; இவற்றுக்கு நடுவில் வைக்க வேண்டிய கூடும் எலும்புக்கூடும்.

மணல்

மணல் வாங்குவதில் பலரும் கவனம் செலுத்துவதில்லை. கட்டுமானத்துக்கு விற்கும் எம்-சாண்ட் பாறையை உடைத்துச் செய்வதால் அதன் மணிகள் கூர்முனைகளோடு இருக்கின்றன. ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு செங்குத்தாகக்கூட நிற்கின்றன. ஆற்று மணல் ஓரளவு உருண்டிருந்தாலும் மணிகளின் அளவு பலவாறாக இருக்கிறது. காற்று சலித்துக் கொண்டுவந்த மணலில் மணிகள் ஏறத்தாழ ஒரே அளவில் இருக்கும். அப்படிப்பட்ட மணல் தமிழ்நாட்டிலேயே இருக்கிறது. தூத்துக்குடி, திருநெல்வேலி மாவட்டங்களின் தேரி மணல் காற்றால் குவிந்தது. மணிகளின்மேல் இரும்பு ஆக்சைடு படிந்திருப்பதால் நல்ல சிவப்பு நிறம் கொண்டது. கோபியின் செங்குன்றுகளுக்கு நிறத்திலும் இது நெருங்கி வருகிறது. குதிரைமொழித் தேரிப் பக்கம் பனைவிளை வைத்திருக்கும் உறவினர் ஒருவர் தம் சொந்த நிலத்திலிருந்து சில சாக்குகள் அனுப்பித் தந்தார். அரசு நிலத்திலும் காப்புக்காட்டிலும் மணல் அள்ளக் கூடாது என்பதை இங்கே அழுத்தமாகச் சொல்லிவிடுகிறேன்.

ஒரு கண்ணாடிப் புட்டியில் தேரி மணலையும் தண்ணீரையும் போட்டுக் குலுக்கி வைத்தால், மணல் உடனே அடியில் இறங்கிவிடுகிறது. ஆனால் மேலிருக்கும் தண்ணீர் வெகுநேரம் செக்கச்செவேலென்று கலங்கியே நிற்கிறது. அந்தக் கலங்கல்தான் மணலோடு கலந்துள்ள நுண்களிமண். ஒடுக்கச் சட்டத்துக்குக் களிமண் கூடாது. ஆகவே அதற்கான மணலை நீர் தெளியும்வரை அலசி, தார்ப்பாயில் பரப்பிக் காயவைத்து, மாவுச் சல்லடையில் சலித்துக்கொண்டேன். மழைத் தொட்டிக்கான மணலை அலசவில்லை. களிமண் இருந்தால் நீர் விரைவில் வடிந்துவிடாமல் நிற்கும் என்பதால் அது அங்கே தேவைப்பட்டது.

ஒடுக்கச் சட்டம்

90 சென்டிமீட்டர் நீளமும் 45 சென்டிமீட்டர் உயரமும் கொண்ட இரண்டு கண்ணாடித் தகடுகளை, நடுவில் ஒன்றரை சென்டிமீட்டர் இடைவெளி விட்டு, ரீப்பர் கட்டைகளில் பொருத்தினேன். அடியும் ஒரு பக்கமும் மூடியிருக்கும்; மேற்பக்கம் திறந்திருக்கும். கண்ணாடிகளில் ஒன்றைக் கழற்றி எடுக்க வேண்டியிருப்பதால் அதை ஒட்டாமல், பட்டாம்பூச்சித் திருகுகளால் இறுக்கினேன். ஒரு மூலையிலிருந்து புனல் வழியாக மணலை மெல்ல ஊற்றினால், முதலில் சிறு குவியல் எழுகிறது. அதன் சரிவு 33 டிகிரி அளவுக்கு ஏறியதும் மேலே சேர்ந்த மணல் தாங்காமல் ஒரு தகடாக வழிந்து இறங்குகிறது. மறுபடியும் மேலே மணல் சேர்கிறது, மறுபடியும் வழிகிறது. மணற்குன்றின் காற்று மறைவுப் பக்கம் முன்னேறுவது இப்படித்தான். ஒவ்வொரு வழிதலும் ஒரு சாய்ந்த அடுக்காக நின்றுவிடுகிறது.

ஒரே நிற மணலில் இந்த அடுக்கு கண்ணுக்குத் தெரியாது. நிறப்பொடி கலக்கலாம், ஆனால் அப்படிச் செய்தால், அடுக்கை நாமே வரைந்து வைத்ததாகத்தான் பார்ப்பவர் நினைப்பார். அதைவிடச் சிறந்த வழி ஒன்று உண்டு. நுண்ணிய உருண்ட மணலோடு, அதைவிடப் பருமனும் சொரசொரப்பும் கூடிய வெள்ளைக் குவார்ட்ஸ் குறுமணலைச் சமமாகக் கலந்து ஊற்றினால், கலவை சரிவில் இறங்கும்போது தானாகவே பிரிந்து, வெள்ளையும் சிவப்புமாக மாறி மாறி அடுக்காகிறது. ஹெர்னான் மாக்சே உள்ளிட்ட இயற்பியலாளர்கள் 1997-இல் நேச்சர் இதழில் வெளியிட்ட கண்டறிதல் இது. பருமணிகள் நுண்மணிகளைவிடச் சொரசொரப்பாக இருந்தால்தான் இது நிகழும். பருமணி வழவழப்பாக இருந்தால் அடுக்கு உண்டாகாமல், பருமணி அடியிலும் நுண்மணி மேலுமாக இரு கூறாகப் பிரிந்து நின்றுவிடும். ஊற்றும் வேகமும் முக்கியம். புனலின் வாயைச் சிறுவிரல் நுழையும் அளவுக்குக் குறைத்த பிறகுதான் அடுக்குகள் தெளிவாக விழுந்தன. கலவையில் கலந்து போன மணல் கண்ணெதிரே கோடு கோடாகப் பிரிந்து படிவதைப் பார்த்த மாணவர்கள், யாரும் சொல்லாமலேயே அடுத்த சட்டி மணலைக் கொண்டுவந்து ஊற்றத் தொடங்கினார்கள்.

கால்தடத்தையும் இதே சட்டத்தில் செய்தேன். அடுக்குகளின்மேல் ஸ்பிரே புட்டியால் சிறிது நீர் தெளித்து ஈரமாக்கி, மரத்தில் செதுக்கிய மூன்று விரல் பாதம் ஒன்றை மேலிருந்து அழுத்தி எடுத்து, அந்தப் பள்ளத்தின்மேல் மீண்டும் உலர்மணலை ஊற்றினேன். பக்கவாட்டிலிருந்து பார்க்கையில், கால் பட்ட இடத்தில் அடுக்குகள் கிண்ண வடிவில் கீழே வளைந்திருக்கின்றன. அவற்றுக்கு மேலே வந்த அடுக்குகள் பள்ளத்தை நிரப்பிவிட்டுப் பழையபடி நேராகச் செல்கின்றன. உகா டோல்கோட்டின் சாய்வடுக்கு மணற்கல்லில் ஆய்வாளர்கள் கால்தடமாக அடையாளம் கண்டவையும் இப்படிக் குறுக்குவெட்டில் தெரிந்த வளைவுகள்தாம். மேலிருந்து பார்க்கும் தடத்தை மட்டுமே அறிந்தவர்களுக்கு இது புதிது.

இந்த அடுக்கை நிலையாக எடுத்து வைக்க, மண்ணியல் ஆய்வுக்கூடங்களில் கையாளும் உரிப்பு முறையைப் பின்பற்றினேன். சட்டத்தைப் படுக்கவைத்து, திருகுகளைக் கழற்றி, மேல் கண்ணாடியை நேராகத் தூக்கி எடுத்தேன். மணலின் முகம் கலையாதிருக்க முன்பே நீர் தெளித்து ஈரமாக்கியிருந்தேன். அதன்மேல் மல் துணியை விரித்து, தண்ணீர் சேர்த்து இளக்கிய பெவிகாலைத் தூரிகையால் தட்டித் தட்டி ஊறவிட்டேன். தேய்த்தால் மணல் இழுபடும். நன்றாகக் காய்ந்த பிறகு துணியை உரித்தால், ஒரு மெல்லிய மணற்படலம் துணியோடு ஒட்டிக்கொண்டு வருகிறது. பசை, பருமணல் அடுக்கில் ஆழமாகவும் நுண்மணல் அடுக்கில் மேலோட்டமாகவும் இறங்குவதால், உரித்த படலத்தில் பருமணல் அடுக்குகள் புடைத்தும் மற்றவை உள்வாங்கியும் நிற்கின்றன. விரலால் தடவினாலே ஒவ்வொரு அடுக்கையும் எண்ணலாம். பார்வைக் குறைபாடுள்ள மாணவர் ஒருவர் கால்தட வளைவை விரலால் கண்டுபிடித்துச் சொன்னார். இந்தத் துணியை ஒரு பலகையில் ஒட்டி மாட்டியிருக்கிறோம். முழுத் திட்டத்திலும் எனக்கு மிகவும் மனநிறைவு தந்த பகுதி இதுதான்.

கூடும் எலும்பும்

மாதிரியின் அளவு இருபதில் ஒரு பங்கு. சிடிபாட்டி ஏறத்தாழ இரண்டரை மீட்டர் நீளமுள்ள விலங்கு என்று கொண்டால் மாதிரி பன்னிரண்டரை சென்டிமீட்டர் வருகிறது. 18 சென்டிமீட்டர் நீளமுள்ள முட்டை 9 மில்லிமீட்டராகச் சுருங்குகிறது. முட்டைகள் கோழி முட்டை வடிவில் இல்லாமல் நீண்டு ஒடுங்கியவை. இரண்டிரண்டாக, நடுவில் வெற்றிடம் விட்டு, வட்டமாக அடுக்கப்பட்டிருந்தன. தாயோ தந்தையோ அந்த நடு வெற்றிடத்தில் அமர்ந்து, பின்னங்கால்களை மடக்கி, இறகுள்ள கைகளை இருபுறமும் முட்டைகளின்மேல் வளைத்து வைத்திருந்தது. எபாக்சிப் புட்டி என்னும், பிசைந்து வைத்தால் இறுகும் பசைமாவைத் திரித்து முட்டைகளைச் செய்து, களிமண் மேட்டில் சற்றே சாய்த்து ஊன்றினேன்.

இந்த முட்டைகளுக்கு நீண்ட வரலாறு உண்டு. ராய் சாப்மன் ஆண்ட்ரூஸ் தலைமையில் சென்ற குழு 1923-இல் கோபியின் பயன்சாக் செம்பாறைச் சரிவுகளில் இதே வகை முட்டைகளைக் கண்டெடுத்தபோது, அங்கே மிகுதியாகக் கிடைத்த புரோட்டோசெராடாப்ஸ் இட்டவை அவை என்றே கருதினார்கள். ஒரு கூட்டின்மேல் கிடந்த வேறொரு டைனோசரை, முட்டை திருட வந்தது என்று எண்ணி, ஓவிராப்டர் (முட்டைத் திருடன்) என்று 1924-இல் தொல்லுயிரியலாளர் ஹென்றி ஆஸ்பார்ன் பெயரிட்டார். பெயர் தவறான எண்ணத்தைத் தரக்கூடும் என்று அவரே எச்சரிக்கவும் செய்தார். உகா டோல்கோட்டில் கிடைத்த முட்டை ஒன்றுக்குள் ஓவிராப்டர் குடும்பத்தைச் சேர்ந்த (சிடிபாட்டியும் இதே குடும்பம்தான்) கரு இருந்தது 1994-இல் வெளியானபோது, எழுபது ஆண்டுப் பழி நீங்கியது. மறு ஆண்டே கூட்டில் அமர்ந்திருந்த எலும்புக்கூடும் விவரிக்கப்பட்டது.

எலும்புக்கூட்டுக்கு மெல்லிய செம்புக் கம்பியில் சட்டம் கட்டி, எபாக்சிப் புட்டியால் எலும்புகளைப் பூசினேன். தலை வைக்கவில்லை. கண்டெடுக்கப்பட்ட கூட்டில் தலை இல்லை. பாறை தேய்ந்து வெளிப்பட்ட மேற்பகுதி அழிந்துபோயிருந்தது. அதே இனத்தின் வேறு எலும்புக்கூட்டிலிருந்து தலையை இரவல் வாங்கி வைக்கலாம். பார்ப்பவர்களுக்கும் அது பிடிக்கும். ஆயினும், கிடைத்ததைக் கிடைத்தபடி காட்டுவதே நேர்மை என்று பட்டது. விலங்கு உயிரோடு எப்படி இருந்திருக்கும் என்று பிள்ளைகள் கேட்பார்கள் என்பதால், முழு உடலோடும் இறகுகளோடும் தனியாக ஓர் உருவம் செய்து தொட்டிக்கு வெளியே வைத்தோம். சிடிபாட்டியின் இறகுகள் கல்லில் பதிந்து கிடைக்கவில்லை. ஆனால் அதன் உறவினமான காடிப்டெரிக்ஸ் சீனாவின் லியாவோனிங்கில் இறகுகளோடு கிடைத்திருக்கிறது. முட்டைகளுக்கு நீலப்பச்சை பூசினோம். சீனாவின் ஓவிராப்டர் வகை முட்டை ஓடுகளில் அந்த நிறமிகளின் எச்சம் இருந்ததாக 2017-இல் ஓர் ஆய்வு வந்தது.

உண்மையான கோபி முட்டையொன்றை விலைக்கு வாங்கி வைத்தால் என்ன என்று ஒரு யோசனை வந்தது. நான் உறுதியாக மறுத்தேன். மங்கோலியாவில் கிடைக்கும் புதைபடிவங்கள் அந்நாட்டு அரசின் உடைமை. அவற்றை வெளியே விற்க முடியாது. 2012-இல் நியூயார்க் ஏலத்தில் விலைபோன டார்போசாரஸ் என்னும் டைனோசரின் எலும்புக்கூடு, வழக்குக்குப் பின் 2013-இல் மங்கோலியாவுக்குத் திரும்பியது. மண்ணிலிருந்து பிடுங்கப்பட்ட எலும்பு, தன்னைச் சூழ்ந்த மணற்கல்லின் செய்தியையும் இழந்துவிடுகிறது. அடுக்குள்ள கல்லிலிருந்து வந்ததா, அடுக்கற்ற கல்லிலிருந்து வந்ததா என்று தெரியாத முட்டையால் இந்தத் தொட்டிக்கு எந்தப் பயனும் இல்லை.

காற்று

மழைக்கு முன் காற்றைச் சோதித்தேன். கோபியின் சில இடங்களில், குறிப்பாகச் சீனப் பகுதியில் உள்ள பயன் மண்டஹூவில், விலங்குகள் மணற்புயலில் புதைந்தன என்று 1993-இல் வந்த ஆய்வு ஒன்று வாதிட்டது. அந்த விளக்கத்தையும் மாணவர்கள் எடைபோட்டுப் பார்க்க வேண்டும். முற்றத்தில் தார்ப்பாயை மூன்று பக்கமும் தூக்கிக் கட்டி, நடுவில் கூட்டை வைத்து, மேசை விசிறியின் முன் உலர்ந்த மணலைச் சீராகத் தூவினோம். கண்களைக் காக்கும் கண்ணாடியும் முகக்கவசமும் அணியாமல் இதைச் செய்யக் கூடாது; நுண்மணல் நுரையீரலுக்குக் கேடு. கூட்டின் முன்புறம் மணல் அரிக்கப்பட்டது. பின்புறம் வால்போல் நீண்ட மேடு படிந்தது. எலும்புக்கூடு மூடப்பட நேரம் பிடித்தது. உயிருள்ள விலங்காக இருந்தால் உடலை உதறி எழுந்திருக்க முடியும். மூடிய பிறகு நனைத்து வெட்டிப் பார்த்ததில், மணல் மெல்லிய அடுக்குகளாகவே கூட்டைச் சுற்றியிருந்தது. ஒரு விசிறியால் புயலை அளக்க முடியாது என்பது உண்மை. ஆனால் காற்று மணலை அடுக்கடுக்காகத்தான் வைக்கிறது என்பது இதில் கண்கூடு.

மழை

பெரிய தொட்டி 90 சென்டிமீட்டர் நீளம், 30 சென்டிமீட்டர் அகலம், 45 சென்டிமீட்டர் உயரம். மீன்தொட்டி செய்பவரிடம் கொடுத்து 8 மில்லிமீட்டர் கண்ணாடியில் சிலிக்கான் பசையால் ஒட்டி வாங்கினேன். பாதி அளவு மணல் நிரப்பினாலே எடை நூறு கிலோவை நெருங்கும். தண்ணீரும் சேர்ந்தால் தாண்டும். ஆகவே மேசைக்குப் பதில் செங்கல் அடுக்கிய மேடையில் வைத்தோம்.

வெறும் மணற்குன்று மட்டும் அமைத்து மேலே பூவாளியால் நீர் ஊற்றினால் சரிவு நிகழ்வதில்லை. நீர் நேராக அடிக்கு இறங்கிவிடுகிறது. மணல் ஈரமானதும் மணிகளுக்கிடையே உள்ள நீர்ப்படலம் அவற்றை இழுத்துப் பிடிப்பதால், குன்று முன்னைவிட உறுதியாகவே நிற்கிறது. மணல் தன் பிடிப்பை இழப்பது, மணிகளுக்கு இடையிலுள்ள வெளி முழுவதும் நீரால் நிரம்பி, அந்த நீரின் அழுத்தம் மணிகளை ஒன்றிலிருந்து ஒன்று விலக்கும்போதுதான். நீர் கீழே போகாமல் தடுக்க ஏதாவது இருந்தால்தான் அது நடக்கும். உகா டோல்கோட்டில் அந்தத் தடுப்பு இருந்தது. குன்றுகள் நகராமல் நிலைத்திருந்த காலங்களில், மண்ணுக்குள் இறங்கிய நீர் விட்டுச்சென்ற கால்சைட் என்னும் சுண்ணாம்புக் கனிமம், மணலைப் பிணைத்துச் சரிவின் போக்கிலேயே கெட்டித் தகடுகளாக்கியிருந்தது. அவற்றின்மேல் தேங்கிய மழைநீர் மேல்மணலை முழுவதும் ஊறவைத்தது என்பதே லூப் குழுவினரின் விளக்கம்.

அந்தத் தகட்டுக்குச் சிமென்ட் வேண்டாம் என்று முடிவு செய்து, நீற்றிய சுண்ணாம்பில் தேரி மணல் சேர்த்துக் குழைத்த காரையைப் பயன்படுத்தினேன். சுண்ணாம்புக் காரை காற்றிலுள்ள கரியமில வாயுவை உறிஞ்சி இறுகும்போது கால்சியம் கார்பனேட்டாக, அதாவது அதே கால்சைட்டாக மாறுகிறது. கட்டடக் கலைஞர் கைப்பட்ட பொருளும் பாலைவனத்துப் பொருளும் ஒன்றே என்பதில் எனக்குத் தனி மகிழ்ச்சி. குன்றின் சரிவில் அரை சென்டிமீட்டர் கனத்தில் காரையைப் பூசி, நன்றாக இறுகவிட்டு, அதன்மேல் ஆறு சென்டிமீட்டர் கனத்துக்கு அலசாத மணலை இட்டு, இடையிடையே செங்கல் பொடியாலும் சுண்ணாம்புப் பொடியாலும் அடையாளக் கோடுகள் போட்டேன். அடிவாரத்தில் கூடு. சிறிய தொட்டியில் இன்னொரு சிக்கலும் உண்டு. நுண்மணல் நீரை மேல்நோக்கி இழுத்து வைத்துக்கொள்வதால், அடியில் தேங்கும் நீர் பல சென்டிமீட்டர் உயரத்துக்கு ஏறிக் கூட்டிருக்கும் இடத்தையே சேறாக்கிவிடும். அதற்காகத் தொட்டியின் அடியில் துளையிட்டுக் குழாய் வைத்து, துளையின்மேல் கொசுவலையும் சரளையும் பரப்பியிருந்தேன்.

பூவாளியால் சீராக, நிறுத்தாமல் நீர் ஊற்றத் தொடங்கினோம். கண்ணாடியின் ஓரத்தில் ஈரத்தின் எல்லைக்கோடு மெல்ல இறங்குவது தெரிந்தது. அது காரைத் தகட்டைத் தொட்டதும் நின்றது. அதன்பின் தகட்டின்மேலுள்ள மணல் கருஞ்சிவப்பாகி, பளபளப்பு ஏறியது. அடிப்பகுதியில் சிறு ஊற்றுகள் கசிந்தன. சரிவின் தலைப்பக்கம் குறுக்கே ஒரு மயிரிழை வெடிப்பு விழுந்தது. அடுத்த கணத்தில் மேல்மணல் முழுவதும் ஒரே பாளமாக நழுவி, வழியிலேயே உடைந்து, தோசை மாவுப் பதத்தில் குழம்பாகிக் கூட்டின்மேல் வந்து படர்ந்தது. எலும்புக்கூட்டின் கைகளுக்கு அடியிலும் முட்டைகளுக்கு இடையிலும் குழம்பு புகுந்தது. கூடு இருந்த இடத்திலேயே இருந்தது. வெடிப்பு விழுந்ததற்கும் கூடு மறைந்ததற்கும் நடுவே, பார்த்துக்கொண்டிருந்தவர்கள் ஒரு சொல் பேசியிருக்க முடியாது.

நீரின் அளவைக் கூட்டியும் குறைத்தும் பார்த்தோம். மிகையாக ஊற்றினால் குழம்பு நீர்த்துப்போய், ஒட்டாமல் வைத்த முட்டைகளை உருட்டிச் செல்கிறது. குறைத்தால் பாளம் பாதியிலேயே நின்றுவிடுகிறது. உண்மைக் குன்றின் பரிமாணத்தோடு இதை ஒப்பிட முடியாது; குன்றைச் சுருக்கலாம், மணல்மணியைச் சுருக்க முடியாது. எத்தனை மழை பெய்தது, குழம்பு எவ்வளவு வேகத்தில் வந்தது என்பவற்றுக்கு இந்தத் தொட்டியிடம் விடை கேட்கக் கூடாது. மணலின் உள்ளமைப்பு எப்படி மாறுகிறது என்பதற்கு மட்டுமே இது சாட்சி.

அந்தச் சாட்சியைப் பார்க்க, நீரை வடியவிட்டு, மணல் ஈரமாக இருக்கும்போதே நீண்ட தகட்டுக் கத்தியால் கூட்டின் ஓரமாகக் குறுக்கே வெட்டினேன். தகட்டுக்குக் கீழே அசையாமல் நின்ற மணலில் அடையாளக் கோடுகள் அப்படியே இருந்தன. சரிந்து வந்த மணலில் ஒரு கோடுகூட மிஞ்சவில்லை. செங்கல் பொடியும் சுண்ணாம்பும் கலந்து, முழுவதும் ஒரே நிறமாக, எங்கும் அடுக்கற்று இருந்தது. அதன் நடுவில் எலும்புக்கூடு. இந்த முகத்தையும் மல் துணியில் உரித்தெடுத்து, முன்பு எடுத்த சாய்வடுக்குத் துணிக்குப் பக்கத்திலேயே மாட்டினோம். ஒன்றில் கோடுகளும் கால்தடமும். மற்றொன்றில் கோடே இல்லாத மணலும் எலும்பும். விலங்குகள் எங்கே நடந்தன, எங்கே புதைந்தன என்பதை மாணவர்கள் இரண்டையும் மாறி மாறிப் பார்த்துத் தாமே சொல்லிவிடுகிறார்கள்.

விளக்க அட்டையில் மூன்று செய்திகளைச் சேர்த்திருக்கிறேன்: எலும்புகளும் முட்டைகளும் மாதிரிகள் என்பது, மணல் தேரியிலிருந்து வந்தது, கோபியிலிருந்து அன்று என்பது, கோபியின் எல்லா இடங்களுக்கும் இந்த ஒரே விளக்கம் பொருந்தும் என்று கொள்ளக் கூடாது என்பது. 1971-இல் போலந்து–மங்கோலியக் குழு தோக்ரோகின் ஷிரேயில் கண்டெடுத்த, வெலோசிராப்டர், புரோட்டோசெராடாப்ஸ் என்னும் இரு டைனோசர்கள் சண்டையில் பிடித்த பிடி விடாமல் புதைந்த இணைக்கும் இந்தச் சரிவே காரணமா என்று ஒரு மாணவி கேட்டார். அந்த இடத்து மணற்கல்லைத் தனியாகப் படித்துத்தான் அதைச் சொல்ல வேண்டும் என்று விடை சொன்னேன்.

தொட்டியை மறுபடி இயக்க விரும்புவோருக்கு: ஒவ்வொரு முறையும் சரிந்த மணலை முழுவதுமாக எடுத்து, வெயிலில் காயவைத்து, கட்டிகளை உடைத்துச் சலித்த பிறகே இட வேண்டும். செங்கல் பொடியும் சுண்ணாம்பும் கலந்த மணலில் அடுத்த முறை கோடுகள் மங்கலாகவே தெரியும் என்பதால், கோடு போடும் பகுதிக்குப் புதுமணல் வைத்துக்கொள்வது நல்லது. காரைத் தகட்டில் விரிசல் இருக்கிறதா என்று நீர் ஊற்றிப் பார்த்து, இருந்தால் சுண்ணாம்புப் பாலைத் தூரிகையால் தடவி இறுகவிட வேண்டும். நீற்றிய சுண்ணாம்பைக் கையுறை இல்லாமல் பிள்ளைகள் தொடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். வடிகுழாயைத் திறந்தே வைத்திருங்கள். மூடிவிட்டால் நாலைந்து நாளில் மணலில் துர்நாற்றம் பிடித்துவிடும்.